ஜாடிக்குள் ஒட்டிக்கொண்ட நாள்

ஜாடி காலியாகத்தான் இருக்க வேண்டும். நேற்று மாலையே, ஊரின் நாள்கணக்கை வைத்திருக்கும் பெரியகணக்கு அதைக் கவிழ்த்து, உள்ளே இருந்த கறுப்புக் கற்களை மேஜைமேல் கொட்டி, ஊர் முக்கியஸ்தர்கள் நாலு பேர் முன்னிலையில் மூன்று தடவை எண்ணியாகிவிட்டது. இருபத்தேழு. இனி உதவியாளான சின்னக்கணக்கு செய்ய வேண்டியதெல்லாம் ஜாடியில் வெந்நீர் ஊற்றிக் கழுவி, புது ஆண்டுக்காகத் துடைத்து வைப்பதுதான்.

உள்ளே கையை விட்டுத் தேய்த்தாள். அடியில் ஏதோ நெருடியது. அழுக்காக இருக்கும் என்று நகத்தால் சுரண்டினாள். வெந்நீரில் இளகியிருந்த அந்தப் பொருள் பட்டென்று பெயர்ந்து அவள் உள்ளங்கைக்குள் வந்தது. வெளியே எடுத்துப் பார்த்தாள். கறுப்புக் கல்!

அவளுக்குத் தூக்கிவாரிப் போட்டது. இருபத்தேழு இல்லை, இருபத்தெட்டு. அப்படியென்றால் கடல் திறப்பது நாளைக்கு இல்லை. இன்றைக்கு. இப்போதே!

இந்த ஊரின் நாள்காட்டி தெரியாதவர்களுக்கு இதில் தலையும் புரியாது வாலும் புரியாது. ஆகையால் கொஞ்சம் பொறுங்கள், அவள் எங்கேயும் போய்விட மாட்டாள், அதிர்ச்சியில் உறைந்துபோய்த்தான் நிற்கிறாள்.

இங்கே பொழுது விடிந்தால் மட்டும் தேதி மாறிவிடாது. சூரியன் கண்ணில் பட வேண்டும். தினமும் காலையில், கணக்கர்கள் குடியிருக்கும் நாள்மனையின் கோபுரத்தில் பெரியகணக்கு ஏறி நின்று கிழக்கே பார்ப்பார். சூரியனின் விளிம்பு தெரிந்தால் சதுக்கத்துப் பலகையில் தேதி ஒன்று கூடும். மழையோ மேகமோ மூடுபனியோ மறைத்துவிட்டால் பலகைமேல் கறுப்புத் துணியைப் போட்டு மூடிவிடுவார்கள். அன்றைக்குத் தேதியே கிடையாது. அதற்குத் துணிநாள் என்று பெயர். துணிநாளில் கொடுத்த வாக்கு செல்லாது, போட்ட சண்டை செல்லாது, எதையும் எழுதக் கூடாது. அன்று திட்டு வாங்கியவர் மறுநாள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்ளவும் கூடாது. அதனாலேயே பல வீடுகளில் கணவனும் மனைவியும் நல்ல நல்ல வசவுகளை எல்லாம் மழைக்காலத்துக்கென்று சேர்த்து வைத்திருப்பார்கள்.

ஆனால் கடல் பலகையைப் படிப்பதில்லை. நானூறாவது நாள் நண்பகலில் அது தன்பாட்டுக்கு உள்வாங்கும். எதிரே இருக்கும் தீவுக்கு ஒரு கல்பாதை வெளியே வரும். நாலு மணி நேரம்தான், பிறகு மூடிக்கொள்ளும். சுற்றிலும் கத்திபோல் பாறைகள், படகு ஒன்றும் போகாது. அந்த நாலு மணி நேரத்தைப் பிடிப்பதற்காகத்தான் ஜாடி. ஒவ்வொரு துணிநாளுக்கும் ஒரு கறுப்புக் கல்லை அதில் போடுவார்கள். பலகையின் தேதியோடு கற்களைக் கூட்டினால் கடலின் கணக்கு வந்துவிடும். நேற்றுப் பலகையில் முந்நூற்று எழுபத்தொன்று. கற்கள் இருபத்தேழு. மொத்தம் முந்நூற்றுத் தொண்ணூற்றெட்டு. இன்று விடியலிலிருந்தே மூடுபனி, ஆகவே துணிநாள். இது முந்நூற்றுத் தொண்ணூற்றொன்பது. நாளைக்கு வழி திறக்கும் என்று ஊர் முழுக்கச் சொல்லியாகிவிட்டது.

சின்னக்கணக்கின் கையில் இருந்த ஒரு கல் இதையெல்லாம் கவிழ்த்துவிட்டது. சுவரோரம் மணற்கடிகாரம் நண்பகல் தாண்டிக் கால் மணி நேரம் ஆகிவிட்டதாகக் காட்டியது. அவளுக்குக் கையும் ஓடவில்லை காலும் ஓடவில்லை. அந்தத் தீவில் அவளுடைய அக்கா இருந்தாள்.

அக்கா மருத்துவச்சி. தீவில் பிள்ளைப்பேறு பார்க்க ஆளில்லை என்று நாலு வழிகளுக்கு, அதாவது நாலு ஆண்டுகளுக்கு முன்னால் போனாள். ஒருத்திக்குத் தொழிலைக் கற்றுக்கொடுத்துவிட்டுத் திரும்பி வருவதாகத்தான் பேச்சு. போன ஆண்டு வழி திறந்தபோதே வந்திருக்க வேண்டும். புறப்படும் நேரத்தில் எவளுக்கோ வலி எடுத்துவிட்டது. பிள்ளையைக் கையில் வாங்கித் தாயிடம் கொடுத்துவிட்டு அக்கா ஓடி வந்தபோது பாதையில் தண்ணீர் ஏறத் தொடங்கியிருந்தது. முக்கால்வாசித் தூரம் வந்துவிட்டாள், ஆனால் தாழ்வான ஊர்ப் பக்கம் அதற்குள் மூழ்கிவிட்டது. தண்ணீர் விளிம்புவரை எதிரே ஓடிய தங்கைக்கு அவள் முகம்கூடத் தெரிந்தது. அக்கா நின்று, கையை உயர்த்தி ஒருமுறை ஆட்டிவிட்டு, திரும்பி ஓடினாள். அதற்குப் பிறகு நானூறு நாள். ஒவ்வொரு நாளும் தீவுப் பக்கமே பார்த்துக் காத்திருந்தவள் சின்னக்கணக்கு. இன்றைக்குத் தவறவிட்டால் இன்னொரு நானூறு.

போய்ச் சொல்ல வேண்டியதுதானே என்பீர்கள். சொல்ல வேண்டிய ஆள் யார் என்று பாருங்கள். பெரியகணக்கு என்று ஊர் அழைப்பது அவளுடைய மாமியாரை. கல் ஏன் ஒட்டியது என்று மாமியார் கேட்பார். அதற்குப் பதில் சின்னக்கணக்கிடம் இருந்தது. 

அவள் கல்லை இறுகப் பிடித்துக்கொண்டு அடுத்த அறைக்கு ஓடினாள். மாமியார் ஜன்னலோரம் உட்கார்ந்து, நாளைக்கு வருகிறவர்கள் பெயரை எழுதுவதற்காக இறகுப் பேனாக்களைச் சீவிக்கொண்டிருந்தார். வரிசையாகப் பதினோரு பேனாக்கள். எல்லாம் ஒரே நீளம்.

"அத்தை, வழி இன்னைக்குத்தான்! இப்பவே திறந்திருக்கும்! கொம்பு ஊதச் சொல்லுங்க!"

"மெதுவா பேசு. என்ன கையில?"

"கல்லு. ஜாடிக்குள்ளேயே இருந்துச்சு."

"நேத்து நானே கொட்டினேனே."

"அடியில ஒட்டியிருந்துச்சு அத்தை. பிசின்ல."

சீவுகிற கத்தி நின்றது. "நாள்ஜாடிக்குள்ள பிசின் எங்கேருந்து வந்துச்சு?"

வந்தது வரட்டும் என்று அவள் ஒரே மூச்சில் கொட்டினாள். "நான்தான் தடவினேன். மழைக்காலத்துல ஜாடி என் கையிலேருந்து நழுவிடுச்சு. அடியில விரிசல் விட்டுடுச்சு. உங்ககிட்ட சொல்ல பயம். ராத்திரி உள்பக்கமா மரப்பிசினைத் தடவி வெச்சேன். அது காயறதுக்குள்ள மறுநாள் துணிநாளாப் போச்சு. நீங்க வந்து கல்லைப் போட்டீங்க. சத்தமே வரல. 'விழுந்துச்சா?'ன்னு கேட்டீங்க. 'விழுந்துச்சு அத்தை'ன்னு சொன்னேன். துணிநாள்ல சொன்ன பொய்தானே, கணக்குல வராதுன்னு மனசைத் தேத்திக்கிட்டேன்."

மாமியார் முகத்தில் ஈயாடவில்லை. எட்டுத் தலைமுறையாகக் கைமாறி வந்த ஜாடி. வீட்டில் யாருக்குக் காய்ச்சல் வந்தாலும் முதலில் ஜாடியைத் தொட்டுப் பார்க்கிற குணம் அவருக்கு. சின்னக்கணக்கு கண்களை மூடிக்கொண்டாள். திட்டு வரவில்லை. அதைவிட மோசமான ஒன்று வந்தது.

"இன்னைக்கும் துணிநாள்தான்" என்றார் மாமியார், நிதானமாக. "நீ சொன்னது எதுவும் கணக்குல வராது. நான் உன்னைத் திட்ட மாட்டேன்."

"திட்டுங்க அத்தை, பரவாயில்ல! கொம்பு மட்டும்..."

"கணக்குல வராத பேச்சை நம்பி எப்படிக் கொம்பு ஊதறது? தீவுல பாதி வருஷம் பனி. அவங்க எதையும் எண்றதில்ல. கொம்பு கேட்டா இறங்கிடுவாங்க. இந்தப் பனியில, நீ சொல்றது தப்பா இருந்து, நூறு பேர் தண்ணிக்குள்ள கால் வெச்சா யார் பொறுப்பு? நீயா? நானா?"

 மாமியார் சொன்னது நியாயம். நியாயமாகப் பேசும் மாமியாரைவிடக் கஷ்டம் உலகத்தில் வேறு எதுவும் கிடையாது. ஜன்னலுக்கு வெளியே வெள்ளையைத் தவிர ஒன்றுமில்லை. அதற்கு அப்பால் எங்கேயோ அக்கா மூட்டையைக் கட்டி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள்.

"அப்போ கீழே கடற்கதவைத் திறந்து பார்ப்போம். கடல் இருக்கா இல்லையான்னு தெரிஞ்சுடும்."

"வழி திறக்கிற நாளைத் தவிர வேற நாள்ல அந்தக் கதவைத் திறக்கக் கூடாது. உனக்குத் தெரியாதா?"

"தெரியும். ஆனா..." அவள் மனதில் ஏதோ பளிச்சென்றது. சத்தமாகவே சிரித்துவிட்டாள். "இன்னைக்குத் துணிநாள் அத்தை! நான் சொன்னது கணக்குல வராதுன்னா, நீங்க திறந்ததும் கணக்குல வராது! அங்க கடல் இருந்தா கதவை மூடிட்டு வந்துடுவோம். நாம திறக்கவே இல்ல!"

மாமியார் அவளையே பார்த்தார். இந்த வீட்டுக்கு மருமகளாக வந்த நாள் முதல் அப்படி ஒரு பார்வையை அவள் கண்டதில்லை. பிறகு பெரியகணக்கு எழுந்தார். இடுப்பில் தொங்கிய சாவிக்கொத்தை ஒரு கையால் பிடித்துக்கொண்டு, அறுபத்திரண்டு வயது மனுஷி, படிகளில் தடதடவென்று இறங்கி ஓடினார்! சீவிய பேனாக்கள் தரையெல்லாம் சிதறின. மருமகளுக்கு அவரை எட்டிப் பிடிக்கவே மூச்சு வாங்கியது.

கீழே மொத்தம் தொண்ணூறு படிகள். கடைசிப் படியில் கடற்சுவரின் இரும்புக் கதவு. துருப்பிடித்த பூட்டு முரண்டு பிடித்தது. இருவரும் சேர்ந்து சாவியைத் திருக, அது மனமில்லாமல் திறந்தது. கதவுக்கு வெளியே ஆறு படிகள் இருக்க வேண்டும், ஏழாவது படியில் கடல். இரண்டாவது படிகூடக் கண்ணுக்குத் தெரியவில்லை. காது கொடுத்துக் கேட்டார்கள். அலைச் சத்தம் இல்லை. ஆனால் காற்று இல்லாத நாளில் இந்த இடத்தில் கடல் எப்போதுமே வாயைத் திறக்காது.

"நான் இறங்கிப் பார்க்கறேன்" என்று அவள் காலை வைத்தாள். மாமியார் அவள் கையை வெடுக்கென்று இழுத்தார்.

"அந்தக் கல்லைக் கொடு."

உள்ளங்கை வியர்வையில் நனைந்திருந்த கல்லை அவள் கொடுத்தாள். பெரியகணக்கு அதை ஒரு கணம் விரல்களால் உருட்டிப் பார்த்தார். பிசின் இன்னும் ஒரு பக்கம் ஒட்டிக்கொண்டிருந்தது. பிறகு கையை நன்றாகப் பின்னால் கொண்டுபோய், பனிக்குள் வீசினார்.

இருவரும் மூச்சைப் பிடித்துக்கொண்டார்கள்.

டக்.

பிறகு இன்னொரு டக். அப்புறம் கல்மேல் கல் உருண்டு போகிற சத்தம்.

"விழுந்துச்சு" என்றார் மாமியார்.

அடுத்த கணம் அவர் தலையைப் பின்னுக்குச் சாய்த்து, கோபுரத்தை நோக்கிக் கத்தினார் பாருங்கள், பனிகூடக் கொஞ்சம் விலகியிருக்கும். "டேய்! ஊதுடா!"

கோபுரத்தின் மேலிருந்து சின்னக்கணக்கின் கணவன் குரல் தூக்கக் கலக்கத்தோடு வந்தது. கொம்பு ஊதுவது அவன் வேலை. ஆண்டுக்கு ஒருமுறைதான் வேலை என்பதால் மற்ற நாட்களில் அதற்குத் தயாராகிக்கொண்டிருப்பான். "இன்னைக்குத் துணிநாளாச்சேம்மா?"

"ஊதுங்க!" என்று மனைவியும் கத்தினாள்.

"அம்மா சொல்றாங்களா, நீ சொல்றியா?"

"ரெண்டு பேரும் சொல்றோம்டா!" என்றார் தாய். மாமியாரும் மருமகளும் ஒரே விஷயத்தைச் சொன்னதாக அவன் வாழ்நாளில் கேட்டதே இல்லை. பதறிப்போய்க் கொம்பை எடுத்துவிட்டான்.

மூன்று நீண்ட ஊதல்கள். சுவர்கள் அதிர்ந்தன, அவள் பற்கள் அதிர்ந்தன. பிறகு அமைதி. அவள் விரல்விட்டு எண்ணினாள். இருபது வந்தது, முப்பது வந்தது. நாற்பத்தொன்றில், வெகு தூரத்தில், பனிக்கு அந்தப் பக்கத்திலிருந்து ஒற்றைக் கொம்பு பதில் சொன்னது. தீவுக்குக் கேட்டுவிட்டது!

ஊர் பட்ட பாட்டைச் சொல்ல ஒரு வாய் போதாது. நாளைக்கென்று நினைத்து எல்லாரும் சாவகாசமாக இருந்தார்கள். ரொட்டிக்கடைக்காரர் பிசைந்த மாவோடு வந்தார். முடிதிருத்தும் கடையிலிருந்து ஒரு ஆள் பாதி மீசையோடு ஓடி வந்தான், மறுபாதியை எடுக்கிறேன் என்று கடைக்காரர் கத்தியோடு பின்னால் ஓடி வந்தார். மாமியார் கதவருகே நின்று எல்லாரையும் வரிசைப்படுத்தினார்.

"நாளைக்குன்னுதானே சொன்னீங்க?" என்று மாவுக்கைக்காரர் குறைப்பட்டுக்கொண்டார்.

"அது நேத்து சொன்னது. கடல் இன்னைக்குச் சொல்லுது. நகருங்க!"

சின்னக்கணக்கு எதற்கும் நிற்கவில்லை. முதல் ஆளாகப் பாதையில் இறங்கியிருந்தாள். காலடியில் கல் வழுக்கியது, பாசி வழுக்கியது. கைகளை நீட்டிக்கொண்டு ஓடினாள், நடந்தாள், மறுபடியும் ஓடினாள். பாதையோரம் நட்டிருந்த கம்பங்களைத் தொட்டுத் தொட்டுத்தான் வழி தெரிந்தது. மணி ஒன்று ஆகியிருக்கும். தீவிலிருந்து முழுப் பாதையும் கடக்க இரண்டரை மணி நேரம். வந்துவிடலாம். கட்டாயம் வந்துவிடலாம். மறுபடி எவளுக்காவது வலி எடுக்காமல் இருந்தால்.

பாதிக்கு மேல் வந்துவிட்டாள். எதிரே பனிக்குள் பேச்சுக் குரல்கள் கேட்டன. கூடைகள் உரசும் சத்தம், ஒரு குழந்தையின் அழுகை. தீவுக்காரர்கள் ஒவ்வொருவராக வெள்ளைக்குள்ளிருந்து வந்து அவளைத் தாண்டிப் போனார்கள். அவள் ஒவ்வொரு முகத்தையும் உற்று உற்றுப் பார்த்தாள். இது இல்லை. இதுவும் இல்லை. ஐம்பது பேர் போயிருப்பார்கள்.  வரிசை மெலிந்தது. பிறகு யாருமே வரவில்லை.

அவள் அழுதுவிடுவாள் போலிருந்த நேரத்தில்தான் அந்தக் குரல் கேட்டது.

"பார்த்து வைங்கப்பா காலை! பாசி இருக்கு! கண்ணு எதுக்கு இருக்கு, அழகுக்கா?"

உலகத்திலேயே ஒரே ஒரு ஆள்தான் அப்படி அதட்டுவாள். "அக்கா!" என்று இவள் போட்ட கூச்சலில் முன்னால் வந்த கிழவர் கூடையைக் கீழே போட்டுவிட்டார்.

அக்கா பனியிலிருந்து வெளியே வந்தாள். தலைமுடி சொட்டச் சொட்ட ஈரம். ஒரு காலில் செருப்பு, மறுகால் வெறுங்கால். தோளில் மருத்துவப் பை மட்டும் தொங்கியது. இருவரும் மோதிக்கொண்ட மோதலில் பை ஒரு பக்கம் பறந்தது.

"ஏண்டி, இன்னைக்குத்தான்னு எங்களுக்கு எப்படித் தெரியும்? தலைக்குத் தண்ணி ஊத்திக்கிட்டிருந்தேன். கொம்பு கேட்டுச்சு. மூட்டை, செருப்பு எல்லாத்தையும் விட்டுட்டு ஓடி வந்துட்டேன்!"

"யாருக்கும் வலி எடுக்கலையே?"

"எடுத்துச்சே! கொம்புக்குச் சரியா ஒருத்திக்கு ஆரம்பிச்சுடுச்சு. நான் கத்துக்கொடுத்தவ என்னைக் கழுத்தைப் பிடிச்சு வெளியே தள்ளினா. 'போன தடவை மாதிரி நின்னீங்க, கொன்னுடுவேன்'னா." அக்கா சிரித்தாள், அழுதாள், தங்கையின் கன்னத்தைக் கிள்ளினாள். "இளைச்சுப் போயிட்டியேடி. உன் மாமியார் சோறு போடறாங்களா இல்லையா?"

கடைசிக் கம்பத்தைத் தாண்டும்போது கணுக்காலை நீர் நக்கியது. ஆறு படிகளையும் அவர்கள் ஏறி முடிக்க, பின்னால் கடல் ஒரு பெருமூச்சோடு தன் இடத்துக்கு வந்து படுத்துக்கொண்டது. பெரியகணக்கு கதவை மூடிப் பூட்டிவிட்டு மேலே ஏறிப்போனார்.

மறுநாள் காலை சூரியன் பளீரென்று வந்தது. பலகையில் ஒன்றாம் தேதி. புது ஆண்டு. எட்டு மணிக்கெல்லாம் பெரியகணக்கு பேரேட்டோடும் மைக்கூட்டோடும் கடற்கதவின் உள்ளே ஒரு மேஜையைப் போட்டு உட்கார்ந்துவிட்டார். நேற்று வந்த தீவுக்காரர்கள் எல்லாரும் வரிசையில் நிற்க வேண்டும் என்று உத்தரவு.

"நேத்து துணிநாள். நேத்து வந்தது கணக்குல வராது" என்றார். "கணக்குப்படி வழி இன்னைக்குத்தான் திறக்குது, நீங்க எல்லாரும் இன்னும் தீவுலதான் இருக்கீங்க. வெளியே படியில இறங்கி, திரும்பி உள்ளே வாங்க. எழுதிக்கறேன்."

முணுமுணுப்பு எழுந்தது. "இது என்ன கூத்து?" என்றார் கூடைக் கிழவர். ஆனாலும் வெளியே போய் ஆறு படி இறங்கி, கடலில் கால் நனைத்துவிட்டுத் திரும்பி ஏறினார். எல்லாரும் அப்படியே செய்தார்கள். கடைசியாக அக்கா, தங்கையின் செருப்பைப் போட்டுக்கொண்டு, படி இறங்கினாள்.

வெளியே போனவளை வெயிலில் பார்த்தபோது சின்னக்கணக்கு கதவுநிலையைப் பிடித்துக்கொண்டாள். நானூறு நாளுக்கு முன்னால் அவள் திரும்பி ஓடிய அதே பக்கம். அக்கா கடைசிப் படியில் நின்று கையை உயர்த்தி ஆட்டினாள். பிறகு வந்துவிட்டாள். நிலையைத் தாண்டி உள்ளே கால் வைத்தாள்.

"மருத்துவச்சி. ஒன்றாம் தேதி. வந்தாச்சு" என்று பெரியகணக்கு சொல்லிக்கொண்டே எழுதினார். சகோதரிகள் இரண்டாவது தடவையாகக் கட்டிப்பிடித்துக்கொண்டு, நேற்றைவிட அதிகமாகவே சத்தம் போட்டார்கள். நேற்றையது கணக்கில் இல்லையே.

மாமியார் இன்னும் பேனாவைக் கீழே வைக்கவில்லை. மருமகளை நிமிர்ந்து பார்த்தார். "வேற ஏதாவது எழுத வேண்டியது இருக்கா?"

சின்னக்கணக்குக்குப் புரிந்தது. சூரியன் இருந்தது, தேதி இருந்தது. இனி சொன்னால் சொன்னதுதான். சொல்லாமல் விட்டால் அதுவும் முடிந்த கதை, நேற்றோடு போயிற்று. அவள் அக்காவின் கையை விட்டாள்.

"இருக்கு அத்தை. நாள்ஜாடியை உடைச்சது நான்தான். கல்லு விழுந்த சத்தம் கேக்காமலே விழுந்துச்சுன்னு பொய் சொன்னதும் நான்தான்."

பெரியகணக்கு பேரேட்டைப் பார்த்தார். பேனாவை மைக்கூட்டில் தோய்த்தார். முனையிலிருந்து ஒரு சொட்டு மை தாளில் விழுந்து பெரிதாகப் பரவியது. அதை அவர் பார்க்காதவர்போல் பேரேட்டை மூடினார்.

"மை தீர்ந்துபோச்சு" என்றார். "போ, உங்க அக்காவுக்குச் சாப்பாடு போடு."